மூணாவது அடி

4.3.1981

அண்ணிக்கு,

உறை மேல் இருக்கும் கையெழுத்தைப் பார்த்ததுமே யார் என்று தெரிந்திருக்கும். கிழிப்பதற்கு முன் இந்தப் பக்கத்தை மட்டும் படித்துவிடுங்கள். உடம்பு எப்படி இருக்கிறது என்று கேட்கப்போவதில்லை. கேட்டாலும் நீங்கள் சொல்லப்போவதில்லை.

போன வாரம் ஒருவர் என் ஒர்க்‌ஷாப்புக்கு வந்தார். கழுத்தில் கேமரா, கையில் தடியான ஃபைல். யுத்தம் முடிந்த பிறகு நடந்த கார் பந்தயங்களைப் பற்றியும், அதில் ஓடிய ஸ்போர்ட்ஸ் கார்களைப் பற்றியும் புத்தகம் எழுதுகிறாராம். நான் பிரித்துப் போட்டிருந்த டீசல் பம்ப் மேலேயே ஃபைலை வைத்துவிட்டு, "கோணவாயன் இன்னும் உங்ககிட்டதான் இருக்காமே?" என்றார். இருபத்தைந்து வருடம் கழித்து நம் வண்டியின் பேரை இன்னொரு வாய் சொல்லிக் கேட்டதும் கையைக்கூடத் துடைக்காமல் எழுந்தேன். ஷெட்டைத் திறந்து காட்டினேன். உடைந்துபோன சட்டத்தை ஒவ்வொரு குழாயாக வெட்டி ஒட்டி, நசுங்கிய தகட்டை மறுபடி தட்டி நிமிர்த்தி, பழையபடி நிறுத்தி வைத்திருக்கிறேன். மனிதர் முட்டி போட்டு அதன் முன்வாயைத் தடவிப் பார்த்தார்.

வண்டியை மியூசியத்தில் வைக்க ஏற்பாடு செய்கிறாராம். சந்தோஷம். ஆனால் அண்ணன் செத்ததைப் பற்றி எழுதி வைத்திருக்கும் பக்கத்தையும் காட்டினார். அதில் ஒரே ஒரு வரி: 'சக்கரம் மாற்றியபோது, ஓட்டுநரின் தம்பியும் மெக்கானிக்குமானவர், நட்டைச் சுத்தியலால் மூன்று அடி அடிக்க வேண்டியதற்குப் பதில் அலட்சியமாக இரண்டு அடியோடு விட்டார், அடுத்த வளைவில் சக்கரம் கழன்று ஓட்டுநர் இறந்தார்.' யார் சொன்னது என்று கேட்டேன். உங்களைச் சொன்னார்.

இரண்டு அடிதான் விழுந்தது. அதை நான் எந்தக் காலத்திலும் மறுத்ததில்லை. ஆனால் 'அலட்சியமாக' என்பதை எடுக்கச் சொல்லுங்கள். காரணம் தெரியவில்லை என்று போடட்டும், போதும். அச்சாகிவிட்டால் அப்புறம் நான் செத்தாலும் அது சாகாது.

இன்னொன்று. வண்டியின் நம்பர் போட்ட பித்தளைத் தகடு உங்களிடம் இருக்கிறது. அது இல்லாமல் மியூசியத்தில் வாங்க மாட்டார்களாம். நாளைக்கே எவனாவது ஒரு நகலைச் செய்து, இதுதான் அசல் என்று கொண்டுவந்து நிறுத்தலாமாம். அனுப்பி வையுங்கள்.

கொழுந்தன் என்று எழுதினால் உங்களுக்குப் பிடிக்காது. ஆகவே,
மெக்கானிக்


11.3.1981

மெக்கானிக் ஐயா அவர்களுக்கு,

கிழிக்கவில்லை. கிழிப்பேன் என்று நீங்கள் எதிர்பார்த்தீர்கள் அல்லவா, அதற்காகவே கிழிக்கவில்லை.

புத்தகக்காரர் முதலில் 'தவறுதலாக' என்றுதான் எழுதியிருந்தார். நான்தான் பேனாவை வாங்கி அடித்துவிட்டு 'அலட்சியமாக' என்று எழுதிக் கொடுத்தேன். என் கையெழுத்திலேயே இருக்கும், போய்ப் பார்த்துக்கொள்ளுங்கள். தவறுதலாக உப்பைக் கூடப் போடலாம். மனுஷன் உயிரைத் தவறுதலாகப் போக்குவார்களா?

எண்ணிப் பாருங்கள், எண்ணத் தெரிந்தால். நாலு வருடம் அந்த வண்டியைக் கட்டினோம். யுத்தத்தில் மிஞ்சிய ஆகாய விமானங்களை எடைக்குப் போட்ட இடத்தில் அவர் பெட்ரோல் டாங்கித் தகடுகளைப் பொறுக்கிக்கொண்டு வந்தார். அதைத் தட்டி உடம்பு செய்தோம். எஞ்சினுக்குக் காற்றுப் போகிற முன்பக்க ஓட்டையை நீங்கள் தட்டித் தட்டி ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டு போய்விட்டீர்கள். வேறு யாராவதாக இருந்தால் அறைந்திருப்பார்கள். அவர் சிரித்துக்கொண்டே, "கோணவாயா இருந்தா என்ன, காத்து நேராத்தானே போகும்" என்றார். அப்போதே ஒரு அறை விட்டிருக்கலாம்.

ஸ்போர்ட்ஸ் கார் என்றால் விதிப்படி இரண்டு இருக்கை வேண்டும், முன் விளக்கு வேண்டும், ரோட்டில் ஓட வேண்டும். அந்த இரண்டாவது இருக்கை என்னுடையது. மடியில் நோட்டு, கழுத்தில் இரண்டு ஸ்டாப்வாட்ச், பந்தயம் ஆரம்பித்தால் இறங்கி நின்று நேரம் குறிப்பேன். அந்த வண்டியிலேயே பந்தயத்துக்குப் போவோம், ஓடி முடித்து அதிலேயே வீட்டுக்கு வருவோம். அன்றைக்கும் அப்படித்தான் போனேன். திரும்பும்போது போலீஸ் ஜீப்பில் வந்தேன். வயிற்றில் ஐந்து மாதம்.

அந்தப் பிள்ளை இப்போது இன்ஷூரன்ஸ் கம்பெனியில் இருக்கிறான். அடிபட்ட வண்டிகளைப் பார்த்து, விபத்துக்குக் காரணம் என்ன என்று எழுதிக் கொடுக்கிற வேலை. அவனைப் பொறுத்தவரை சித்தப்பா என்பது ஒரு ஆள் இல்லை, ஒரு காரணம்.

பித்தளைத் தகடு என் தையல் மெஷின் பெட்டிக்குள் இருக்கிறது, நாலு திருகாணியோடு. அங்கேயே இருக்கும். அந்த வண்டி மியூசியத்துக்குப் போக வேண்டுமென்றால், பக்கத்தில் வைக்கும் பலகையில் அந்த வரி முழுசாக இருக்க வேண்டும். இல்லையென்றால் உங்கள் ஷெட்டிலேயே அழுகட்டும்.

உங்கள் அண்ணனின் மனைவி


19.3.1981

அண்ணிக்கு,

வண்டி அழுகாது. அலுமினியம்.

என் நெற்றியில் பச்சை குத்தாமல் விட மாட்டீர்கள் போலிருக்கிறது. உங்களுக்கு முன்னாலேயே குத்திவிட்டார்கள், தெரியுமா? பந்தயக்காரர்கள் எனக்கு 'ரெண்டடி' என்று பேர் வைத்தார்கள். அடுத்த வருடம் ஒரு டீமில் வேலை கேட்டுப் போனேன். மேனேஜர் என்னை வைத்துக்கொண்டே பக்கத்து ஆளிடம் சொன்னார்: "யாரு, ரெண்டடியா? நம்ம டிரைவர் பிள்ளைகுட்டிக்காரன்ப்பா, வேண்டாம்." அவ்வளவுதான். அன்றோடு பந்தயத்தைத் தலைமுழுகினேன். அதற்கப்புறம் லாரி, பம்ப், ஐஸ் மெஷின். பின்னாடி எஞ்சின் வைத்த வண்டிகள் வந்து, முன்னாடி எஞ்சின் வைத்தவர்களையெல்லாம் வீட்டுக்கு அனுப்பியதை நான் பேப்பரில்தான் படித்தேன். புத்தகக்காரர் அதற்கு ஒரு அத்தியாயமே வைத்திருக்கிறார். எங்களுக்கு ஒன்றரைப் பக்கம்.

எண்ணத் தெரியாது என்கிறீர்கள். சரி, எண்ணுவோம். அந்தக் கம்பிச் சக்கரத்துக்கு நடுவில் ஒரே ஒரு பெரிய நட்டு. செம்புச் சுத்தியலால் அடித்துத்தான் இறுக்க வேண்டும். முதல் அடியில் நட்டு உட்காரும். இரண்டாவது அடியில் இறுகும். மூன்றாவது அடி இறுக்குவதற்கே இல்லை. நட்டு நகராமல் நிற்கிறதா என்று கேட்பதற்கு. சரியாக உட்கார்ந்திருந்தால் சத்தம் மாறும், மணி மாதிரி. அந்தச் சத்தத்தைக் கேட்டபிறகுதான் நான் "மூணு!" என்று கத்துவேன். என் குரல் கேட்காமல் வண்டி அசையக் கூடாது. அண்ணன் போட்ட விதி அது. யுத்தத்தில் விமானத்துக்கு நட்டு முடுக்கியவர் அல்லவா? வீட்டில் தண்ணீர்க் குழாயை மூடினாலும் மூன்று தரம் திருகிப் பார்க்கிற ஆள்.

அவர் அந்த விதியை ஒரு நாளும் மீறியதில்லை. அன்றைக்கு மட்டும் நான் "மூணு" சொல்வதற்கு முன் வண்டியை எடுத்தார். ஏன் எடுத்தார்? அலட்சியம் அலட்சியம் என்கிறீர்களே, இந்தக் கேள்வியை நீங்கள் ஒரு தடவையாவது கேட்டுக்கொண்டதுண்டா?

உங்களிடம் ஒரு பழுப்பு அட்டை நோட்டு உண்டு. எந்தச் சுற்றில் எந்த நம்பர் வண்டி எத்தனை மணிக்கு உங்களைக் கடந்து போனது என்று எல்லாம் அதில் இருக்கும். அன்றைய பக்கத்தைப் புத்தகக்காரரிடம் கொடுங்கள். அவரே படித்துக்கொள்வார். நான் ஒரு வார்த்தை பேச மாட்டேன்.

தகட்டில் இருக்கும் நம்பர் மூன்று. நாம் செய்ததே ஒரு வண்டிதான். மற்ற டீம்கள் பயப்படட்டும் என்று மூன்றிலிருந்து ஆரம்பித்தார். பாவம், மியூசியக்காரர்கள் இப்போது ஒன்றையும் இரண்டையும் தேடிக்கொண்டிருக்கிறார்கள்.

ரெண்டடி


24.3.1981

ஐயா,

நோட்டு இல்லை. கரையான் அரித்துவிட்டது. குப்பையோடு போட்டு எரித்தாயிற்று.

செத்த மனுஷன் மேலேயே பழியைப் போடுகிறீர்களா? அவர் ஏன் எடுத்தார், அவர் ஏன் எடுத்தார் என்று! உப்புப் போட்டுத்தானே சாப்பிடுகிறீர்கள்?

உங்கள் கடிதத்தை என் மகன் படித்தான். ஞாயிற்றுக்கிழமை ஆள் கூட்டிக்கொண்டு வந்து ஷெட் பூட்டை உடைத்து வண்டியை எடுத்துவருவேன் என்கிறான். நான்தான் பிடித்து வைத்திருக்கிறேன். இனிமேல் எழுத வேண்டாம்.


2.4.1981

அண்ணிக்கு,

கரையானா? காது குத்தாதீர்கள், எனக்கு எப்பவோ குத்தியாயிற்று. பஸ் கம்பெனியில் இருபது வருடமாக நேர அட்டவணை போடுகிறவர் நீங்கள். வாட்ச் ரிப்பேர்க்காரர் மகள். கல்யாணத்துக்கு வந்த வாழ்த்துத் தந்திகளைத் தேதிவாரியாக அடுக்கி வைத்தவர். உங்கள் வீட்டில் கரையான்கூட நேரம் கேட்டுக்கொண்டுதான் உள்ளே வரும்.

நான் சொல்ல வேண்டாம் என்றுதான் இருந்தேன். இருபத்தைந்து வருடம் இருந்துவிட்டேன். ஆனால் பையன் பூட்டை உடைப்பேன் என்கிற அளவுக்கு வந்த பிறகு என்னாலும் முடியவில்லை. எனக்கும் வயிறு எரிகிறது அண்ணி.

முப்பத்து நாலாவது சுற்று. பக்கம் இல்லாவிட்டால் பரவாயில்லை, மனதில் திறந்து பாருங்கள்.

பழைய விமான ஓடுபாதை. வளைவுகளில் எண்ணெய் டிரம். நாம் எதிர்பார்த்தபடியே நம் டிரம் பிரேக் முப்பது சுற்றில் சூடாகி, பெடல் தரையைத் தொட ஆரம்பித்துவிட்டது. எவ்வளவு சூடானாலும் பிடிக்கிற டிஸ்க் பிரேக் போட்ட கம்பெனிக் கார்கள் இரண்டு, பதினொன்றும் பதினேழும். இரண்டும் ஒரே பச்சை, இரண்டும் மூக்குவரை எண்ணெயும் புழுதியும், ஓடும்போது நம்பர் தெரியாது. அவற்றில் பதினொன்றுதான் நமக்கு முன்னால் ஓடியது.

அண்ணன் டயர் மாற்ற, பாதை ஓரத்தில் வண்டி நிறுத்தும் நம் பிட்டுக்குள் வந்தார். முன் இடது சக்கரம். நான் மண்டி போட்டிருக்கிறேன். நீங்கள் எனக்கு இடது கைப் பக்கம், நோட்டோடு, ஒரு முழம் தள்ளி. ஒன்று அடித்தேன். இரண்டு அடித்தேன். மூன்றாவதுக்குச் சுத்தியலைத் தூக்கினேன். அப்போது ஒரு பச்சை வண்டி நம்மைத் தாண்டிப் போயிற்று. ஒரு குரல் கேட்டது:

"போங்க! பதினொண்ணு போயிட்டான், போங்க, போங்க!"

அண்ணன் போய்விட்டார். என் சுத்தியல் மேலேயே நின்றது. அந்தக் குரல் என்னுடையது இல்லை.

நான் எழுந்து நின்றேன். நம் பிட்டுக்கு நாலு பிட் தள்ளி, பெட்ரோல் வண்டிக்குப் பின்னால், பானட்டைத் திறந்து வைத்துக்கொண்டு ஒரு பச்சை வண்டி நின்றுகொண்டிருந்தது. அதன் கதவில் 11. பிளக் போய்விட்டது. நிற்க ஆரம்பித்து மூன்று நிமிடம் ஆகியிருக்கும்.

தாண்டிப் போனது பதினேழு.

புத்தகக்காரரிடம் அன்றைக்கு எடுத்த ஒரு போட்டோ இருக்கிறது. பாதை ஓரமாக ஒருவன் கறுப்புப் பலகையை நீட்டிப் பிடித்துக்கொண்டு நிற்கிறான், முதுகு மட்டும் தெரிகிறது. "இது நீங்கதானே? பலகையில என்ன எழுதியிருந்தீங்க?" என்று கேட்டார். ஞாபகம் இல்லை என்றேன்.

இதற்கும் கரையான் என்று எழுதுங்கள்.


21.5.1981

உன் கடிதம் வந்து ஆறு வாரத்துக்கு மேல் ஆகிறது. 'ஐயா' என்று ஆரம்பித்தேன், பேனா ஓடவில்லை. அந்தக் காலத்தில் உன்னை எப்படிக் கூப்பிட்டேனோ அப்படியே எழுதுகிறேன். இது சமாதானம் இல்லை. திட்டுவதற்கு 'நீங்கள்' தோதாக இல்லை, அவ்வளவுதான்.

நோட்டு இருக்கிறது. தையல் மெஷின் பெட்டியில் தகட்டுக்கு அடியில், துணி சுற்றி. கரையானும் இல்லை, மண்ணும் இல்லை. எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். முப்பத்து நாலாம் சுற்று. பென்சிலில் அழகாக 11 என்று எழுதியிருக்கிறேன். அந்தச் சுற்றில் 17 என்று எழுத வேண்டிய கட்டம் காலி. பதினேழு எங்கேயோ நின்றுவிட்டான் என்று நினைத்திருக்கிறேன்.

இதை நீ சொல்லித்தான் நான் தெரிந்துகொண்டேன் என்று நினைக்காதே. அவர் போன எட்டாம் நாள், பந்தயக் கிளப்பிலிருந்து சுற்றுப் பட்டியல் தபாலில் வந்தது. வீட்டில் ஆட்கள் இருந்தார்கள், உன் அம்மா அழுதுகொண்டிருந்தார். நான் பட்டியலையும் நோட்டையும் எடுத்துக்கொண்டு குளியலறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன். ஒப்பிட்டுப் பார்த்தேன். யாருடைய மகள் நான், ஒப்பிட்டுப் பார்க்காமல் இருப்பேனா?

பதினொன்று நின்றுபோனதால், அவர் டயர் மாற்ற வந்தபோது நாம்தான் முதல், பதினேழைவிட ஒரு சுற்று முன்னால் இருந்தோம். ஒரு முழுச் சுற்று. அவர் கீழே இறங்கி ஒரு டம்ளர் தண்ணீர் குடித்துவிட்டு, முகத்தைத் துடைத்துக்கொண்டு, உன் மூன்றாவது அடியைக் கேட்டுவிட்டு, மெதுவாகக் கிளம்பியிருக்கலாம். அப்போதும் நாம்தான் ஜெயித்திருப்போம்.

நீ "மூணு" சொல்லவில்லை என்பதும் எனக்குத் தெரியும். என் காது நன்றாகத்தான் இருந்தது. ஆனால் உன்னை வெறுப்பதை ஒரு நாள் நிறுத்தியிருந்தால், அன்றைக்கே என்னை வெறுக்க ஆரம்பித்திருக்க வேண்டும். அதனால் நிறுத்தவில்லை. வருடா வருடம் எண்ணெய் போட்டு ஓட விட்டேன். வாட்ச் மாதிரி ஓடியது.

இப்போது என் கேள்விக்குப் பதில் சொல். ஏன்டா வாயைத் திறக்கவில்லை? அன்று சாயங்காலம் கிளப் அறையில், விபத்தை விசாரிக்க வந்த அந்தத் தொப்பிக்காரர் கேட்டார்: "வண்டியைப் போகச் சொன்னது யார்?" நான் நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன். சுவர் ஓரமாக நின்ற நீ "நான்தான்" என்றாய். யார் உன்னைக் கேட்டார்கள்? யாருக்கு வேண்டும் உன் தர்மம்? அன்றைக்கே என்னைக் கை காட்டியிருந்தால் ஒரு வருடம் அழுதிருப்பேன், இரண்டு வருடம் பைத்தியமாகக் கிடந்திருப்பேன், அப்புறம் மனுஷியாக எழுந்திருப்பேன். நீ காப்பாற்றினாய். இருபத்தைந்து வருடம் நான் பொய்க்காரியாக வேலை பார்த்தேன், ஒரு நாள் லீவு இல்லாமல். பெற்ற பிள்ளைக்குச் சோற்றோடு அந்தப் பொய்யையும் பிசைந்து ஊட்டினேன். உன்மேல் எனக்கு இருக்கிற ஆத்திரம் இன்னும் தீரவில்லை, காரணம்தான் மாறியிருக்கிறது.

மகனிடம் சொல்லிவிட்டேன். மூன்று நாள் நான் தூங்கிய பிறகுதான் வீட்டுக்கு வந்தான். நாலாம் நாள் சட்டைக்குப் பட்டன் போட்டுக்கொண்டே, "அப்ப சித்தப்பா?" என்று மட்டும் கேட்டான். நான் தோசையைத் தட்டில் போட்டேன். சாப்பிடாமல் வேலைக்குப் போய்விட்டான்.

புத்தகக்காரருக்கும் எழுதிவிட்டேன், நோட்டின் பக்கத்தையே வைத்து. இனி அந்த வரி இப்படி இருக்கும்: 'நேரம் குறித்தவர் எதிராளி வண்டியைத் தவறாக அடையாளம் கண்டு, சக்கரம் முழுதாக இறுகும் முன்பே வண்டியைப் போகச் சொன்னார், நேரம் குறித்தவர் ஓட்டுநரின் மனைவி.'

திருப்திதானே?


29.5.1981

அண்ணிக்கு,

இல்லை. திருப்தி இல்லை. யார் உங்களை எழுதச் சொன்னது?

நான் கேட்டது ஒரு வார்த்தையை எடுக்கச் சொல்லி. நீங்கள் ஒரு ஆளையே எடுத்துவிட்டு இன்னொரு ஆளைப் போட்டிருக்கிறீர்கள். எப்பவும் இதே அவசரம்தானா உங்களுக்கு? பச்சையாக ஏதோ தாண்டிப் போனால் உடனே போ போ என்று கத்திவிட வேண்டியது!

எழுதிய பிறகு இந்த வரியை அடிக்கலாமா என்று யோசித்தேன். அடிக்கவில்லை. இருபத்தைந்து வருடத்தில் உங்களை நேருக்கு நேர் திட்டியது இதுதான் முதல் தடவை. எனக்கும் வேண்டாமா?

இப்போது என் பங்கைக் கேளுங்கள். உங்களுக்கு வேண்டுமோ வேண்டாமோ, கேட்டுத்தான் ஆக வேண்டும். நீங்கள் கத்தியபோது அண்ணன் என்னைத்தான் பார்த்தார். உங்களை இல்லை. கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, சுத்தியலைத் தூக்கிக்கொண்டிருந்த என்னைப் பார்த்தார். ஒரு விநாடி. விதி போட்டவர் அல்லவா, என்னிடம்தான் கேட்டார். நான் வேண்டாம் என்று தலையாட்டியிருக்கலாம். சுத்தியலை வண்டி முன்னால் வீசியிருக்கலாம். செய்யவில்லை. எனக்கும் அந்தப் பச்சை வண்டியைப் பிடிக்க வேண்டும் போலிருந்தது. டிஸ்க் பிரேக் போட்ட கம்பெனிக்காரனை, எடைக்குப் போட்ட டாங்கித் தகட்டில் செய்த கோணவாயன் முந்துவதை நான் பார்க்க வேண்டும். இரண்டு அடி போதும் என்று என் மனது சொன்னது. தலையை ஆட்டினேன், சரி என்று. அப்புறம்தான் அவர் போனார்.

அதனால்தான் கிளப் அறையில் "நான்தான்" என்றேன். தர்மமும் இல்லை, மண்ணாங்கட்டியும் இல்லை. உண்மையைத்தான் சொன்னேன். கொஞ்சத்தை மட்டும் சொல்லாமல் விட்டேன்.

அந்தப் பலகையில் 'மெதுவா' என்று எழுதியிருந்தேன். பதினொன்று நிற்பதைப் பார்த்ததும் உங்கள் காலடியில் கிடந்த சாக்பீஸை எடுத்து எழுதிக்கொண்டு ஓடினேன். வந்தால் காட்டலாம் என்று நீட்டிப் பிடித்துக்கொண்டு நின்றேன். மற்ற வண்டிகள் எல்லாம் வந்தன. பதினேழுகூட இரண்டு தடவை வந்துவிட்டான். யாரோ வந்து பலகையைப் பிடுங்குகிறவரை நின்றேன்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். நட்டு தளர்ந்துதான் சக்கரம் கழன்றதா, இல்லை பிரேக் இல்லாமல் வளைவில் இருந்த எண்ணெய் டிரம்மில் மோதிய பிறகு கழன்றதா என்று எனக்கு இன்றைக்கும் தெரியாது. வண்டியைக் குழாய் குழாயாகப் பிரித்துப் பார்த்தேன். தெரியவில்லை. மூன்றாவது அடி அதைத் தெரிந்துகொள்ளத்தானே? அதைத்தான் அடிக்கவில்லையே.

போன சனிக்கிழமை உங்கள் மகன் வந்தான். பூட்டை உடைக்கத்தான் வந்திருக்கிறான் என்று சாவியை எடுத்து நீட்டினேன். வாங்கவில்லை. வண்டியைச் சுற்றிச் சுற்றி வந்தான், கீழே படுத்துப் பார்த்தான், நோட்டுப் புத்தகம் எடுத்து ஏதோ எழுதினான். ஒரு மணி நேரம் கழித்து, "விபத்து அறிக்கையில காரணம்னு ஒரு கட்டம்தான் இருக்கும். இதுக்கு ஒரு கட்டம் பத்தாது சித்தப்பா" என்றான். கையில் ஒட்டிய எண்ணெயைத் துடைக்கத் துணி கொடுத்தேன். அண்ணன் மாதிரியே விரல் விரலாகத் துடைக்கிறான்.

மியூசியத்துக்குக் கொடுப்பதற்கு முன்னால் பழைய ஓடுபாதையில் ஒரு சுற்று ஓட்டிக் காட்ட வேண்டுமாம். ஜூன் பதினாலு, காலை பத்து மணி. அவன் ஓட்டுகிறேன் என்கிறான். மாட்டேன் என்றேன், கேட்கவில்லை. நீங்கள் வர வேண்டாம். உங்களைப் பார்த்தால் எனக்குக் கை ஆடும்.

புத்தகக்காரரிடம் சொல்லி உங்கள் வரியை நிறுத்தி வைத்திருக்கிறேன்.


6.6.1981

தம்பிக்கு,

இன்று காலை புத்தகக்காரரிடம் போனில் பேசினேன். உன் தலையாட்டலையும் சொன்னேன். "அம்மா, எனக்கு ஒன்றரைப் பக்கம்தான் இருக்கு, யார் தப்புன்னு முடிவா ஒண்ணு சொல்லுங்களேன்" என்று கெஞ்சினார். இரண்டு பக்கமாக்குங்கள் என்றேன். என் 'போங்க'வும் வரும், உன் தலையாட்டலும் வரும். பலகையில் எழுதியிருந்ததும் அந்தப் போட்டோவுக்குக் கீழே வரும். பிரேக்கும் வரும். காரணம் தெரியவில்லை என்பதும் வரும். 'அலட்சியமாக' மட்டும் வராது. அதை நானே எழுதினேன், நானே அடித்தேன்.

உன்னை மன்னித்துவிட்டேன் என்று நினைத்துக்கொள்ளாதே. நீ என்னை மன்னித்துவிட்டதாகவும் நான் நினைக்கவில்லை. அந்த அவசரக்காரி வரியை நாலு தடவை படித்தேன். நன்றாகத்தான் எழுதியிருக்கிறாய். எரிந்தது.

இந்த உறையோடு ஒரு சின்னப் பொட்டலம் இருக்கும். பித்தளைத் தகடு, நாலு திருகாணி. ஒன்றில் புரி தேய்ந்திருக்கிறது, அன்றைக்குக் கத்தி முனையால் கழற்றினேன். மாற்றிவிடு.

வர வேண்டாம் என்று எழுதியிருக்கிறாய். வருவேன். ஓட்டப்போவது என் மகன். உனக்குக் கை ஆடினால் ஆடட்டும், எனக்கு என்ன? நான் உறவு கொண்டாட வரவில்லை. உன் வீட்டில் கை நனைக்கவும் மாட்டேன். பஸ் ஒன்பது இருபதுக்கு வரும், அட்டவணை போட்டவள் நான், சரியாக வரும்.

ஒன்றே ஒன்று செய். அவன் உட்கார்ந்த பிறகு, முன் இடது சக்கரத்தைக் கழற்றி மறுபடி மாட்டு. செம்புச் சுத்தியலை எடு. நான் அன்றைக்கு நின்ற அதே இடத்தில், உனக்கு இடது கைப் பக்கம், ஒரு முழம் தள்ளி நிற்பேன். எத்தனை பச்சை வண்டி வேண்டுமானாலும் தாண்டிப் போகட்டும். நீ "மூணு" என்று சொல்கிறவரை நான் வாயைத் திறக்க மாட்டேன்.

அண்ணி